அப்பா போட்ட கோடு

"ஒரு செங்கல்லைக்கூட விட மாட்டேன்!"

அப்பா சபதம் போட்டார். போட்ட வேகத்தில் மூக்குக்கண்ணாடி கழன்று காபி டம்ளருக்குள் விழுந்தது. அம்மா அதைக் கரண்டியால் எடுத்துக் கொடுத்தாள். சபதத்தை யாரும் எடுத்துக்கொள்ளவில்லை.

வீடு ஒன்று. அதற்கு அடித்துக்கொள்பவர்கள் இரண்டு பேர்: அப்பாவும் பெரியப்பாவும். கீழ்க்கோர்ட்டில் அப்பா தோற்றார், மேல்முறையீடு போட்டார். அங்கே நீதிபதி, "அண்ணன் தம்பிதானே, சமாதானமாப் போங்களேன்" என்றார். வக்கீல்கள் கூடி ஒரு வழி கண்டுபிடித்தார்கள். தம்பி கோடு போட்டு வீட்டை இரண்டாகப் பிரிக்க வேண்டும். எந்தப் பாதி வேண்டுமோ அதை அண்ணன் முதலில் எடுத்துக்கொள்ள வேண்டும்.

அப்பாவுக்குக் குஷியோ குஷி! அவருக்குப் பின்பக்கம் வேண்டும். மாடிப்படி அங்கேதான். மாடி அறையில் மத்தியானம் படுத்தால் உலகம் அழிந்தாலும் கேட்காது.

அம்மாவுக்கோ முன்பக்கம். தெருவைப் பார்த்த அறையில் தையல் கடை போட வேண்டும். இப்போது மிஷின் கட்டிலுக்கும் பீரோவுக்கும் நடுவே மாட்டிக்கொண்டிருக்கிறது. தைக்கும்போதெல்லாம் முழங்கை பீரோவில் இடிக்கும்.

"கடையா? என் தூக்கம் என்ன ஆகுறது?" என்று முன்பே அப்பா தீர்ப்புச் சொல்லிவிட்டார்.

"வாலு, இங்க வா" என்று கூப்பிட்டார். வாலு நான்தான். "உங்க பெரியப்பா மாதிரி பேசு. ஒத்திகை பாத்துக்கறேன்."

எனக்கு எல்லார் குரலும் வரும். பெரியப்பா குரல் சுலபம். வாய்க்குள் சுடுதண்ணீர் இருப்பதுபோல் பேசினால் போதும். ஆனால் அதற்குள் அம்மா என்னைச் சமையலறைக்குள் இழுத்தாள்.

"பெரியப்பாவுக்கு முன்பக்கத்து மேல உயிருன்னு அப்பா நம்பணும்."

"நிஜத்துல?"

"உங்க பெரியம்மாவுக்கு மாடி வேணும், செடி வைக்க. துணி காயப்போடும்போதே நாங்க பேசி முடிச்சாச்சு."

ஆஹா! ஒத்திகை தொடங்கியது.

"க்கும்... தம்பி, முன்பக்கம் குடுத்தா எடுத்துக்குவேன். ஆனா சின்னதா இருக்கே?"

"நடுக்கூடத்தையும் சேத்துக்கங்க அண்ணே!" என்று பெத்த பிள்ளையைப் பார்த்து அப்பா பல்லைக் கடித்தார்.

கதவுக்கு அந்தப் பக்கம் அம்மா இஞ்சு டேப்பை இன்னும் கொஞ்சம் இழுத்துக் காட்டினாள்.

"க்கும்... ஜன்னல் வச்ச சின்ன ரூமு?"

"அதுவும் உங்களுக்குத்தான்! ஆளை விடுங்க அண்ணே!"

அப்பா துள்ளிக்கொண்டே கோடு போட்டார். பாதி வீடு முன்பக்கத்துக்குப் போய், மீதியிலும் கால்வாசி போய்விட்டது. "பேராசைக்காரன், பாத்ததும் பாய்வான் பாரு!"

கோர்ட்டில் வரைபடத்தை விரித்தார்கள். அப்பா மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். முதலில் இருவரும் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டார்கள். பெரியப்பா வரைபடத்தைப் பார்க்கவே இல்லை.

"க்கும்... பின்பக்கம்."

"அண்ணே! நல்லாப் பாருங்க! நடுக்கூடம் அண்ணே! ஜன்னல் ரூமு அண்ணே!"

"பாத்து என்னப்பா பண்றது? உங்க அண்ணி சொல்லிட்டா."

நீதிபதி ஏற்றுக்கொண்டார். வழக்கு முடிந்தது. வராந்தாவுக்கு வருவதற்குள் அம்மா நடுக்கூடத்தில் இரண்டாவது மிஷின் எங்கே போடுவது என்று இஞ்சு டேப்பைக் காற்றில் நீட்டி எனக்குக் காட்ட ஆரம்பித்துவிட்டாள். அப்பா என்னைப் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். டேப்பைப் பார்த்தார். மெதுவாக, மிக மெதுவாக, அவர் முகத்தில் வெளிச்சம் வந்து, உடனே அணைந்தது.

ஓடிப்போய் வக்கீலின் கறுப்பு அங்கியைப் பிடித்தார்.

"சார், சதி சார்! இதுக்கு மேல்முறையீடு போடுங்க!"

வக்கீல் அம்மாவை ஒரு தரம் பார்த்துவிட்டு, அங்கியை மெல்ல விடுவித்துக்கொண்டார்.

"சம்மதிச்சுக் கையெழுத்துப் போட்டா மேல்முறையீடு கிடையாது சார். எனக்கும் கல்யாணம் ஆயிடுச்சு."