கோபத்துக்குக் கட்டிய சந்தா

நீலமேகத்தின் சட்டைப்பையில் அவருக்குத் தெரியாமல் கை விடக்கூடியவன் இன்னும் பிறக்கவில்லை என்பது கீழவாஞ்சூர் துறைமுகச் சாலையில் எல்லோருக்கும் தெரியும். நீலமேகமே எல்லோரிடமும் சொல்லியிருக்கிறார். அன்று காலை வங்கியிலிருந்து வந்த செய்தியைப் பார்த்தபோதுதான், அவன் போன வருடமே பிறந்துவிட்டான், நாளைக்குப் பிறந்தநாள் கொண்டாடப் போகிறான் என்று தெரிந்தது.

'சாந்தம் ஆண்டுச் சந்தா நாளை உங்கள் கணக்கிலிருந்து தானாகப் பிடித்தம் செய்யப்படும்.'

தானாக. அந்த ஒரு சொல்தான் அவரைச் சுட்டது. பஞ்சர் ஒட்டத் தொடங்கி, அடிபட்டு, ஏமாந்து, பிறகு ஏமாறாமல் இருக்கக் கற்றுக்கொண்டு, பழைய லாரி டயர் வாங்கி விற்கிற அளவுக்கு வந்த மனிதர். ஒரு டயருக்கு அரை நாள் பேரம் பேசுவார். நிலக்கரி ஏற்ற வந்த டிரைவர்கள் அவரிடம் பேசிக் களைத்து, டயரையும் கொடுத்து, டீயும் வாங்கிக் கொடுத்துவிட்டுப் போவார்கள். அவரிடமிருந்து தானாகப் போனது தலைமுடி ஒன்றுதான்.

சாந்தம் என்பது கோபத்தை அடக்கக் கற்றுக்கொடுக்கும் ஒரு ஆப். ரத்தக் கொதிப்பைப் பார்த்த டாக்டர், "கத்துறதைக் குறைங்க" என்று சொன்ன வாரத்தில், 'முதல் வாரம் இலவசம்' என்று போனில் வந்தது. இலவசம் என்றால் நீலமேகம் விஷத்தையும் முகர்ந்து பார்ப்பார். ஒரு வாரம் தீர்ந்ததும் ஜாக்கிரதையாக நிறுத்திவிட்டார். நிறுத்தியவர் சும்மா இருந்திருக்கலாம். வேறு போன் நம்பர் கொடுத்தால் இன்னொரு வாரம் இலவசமாகக் கிடைக்குமே என்று மூளை வேலை செய்தது. மனைவி செல்லம் குளிக்கப் போன நேரத்தில் அவள் நம்பரைக் கொடுத்து, அவள் போனுக்கு வந்த ஓடிபியைப் போட்டு, சரிபார்க்க மட்டும்தான் என்று கேட்டார்களே என்று கார்டு நம்பரையும் கொடுத்தார்.

இரண்டாவது இலவசத்தில் இரண்டு நாள்தான் தாக்குப்பிடித்தார். 'அமைதியாக ஓடும் ஒரு நதியை நினைத்துக்கொள்ளுங்கள்' என்றது ஒரு பெண் குரல். அவர் அரசலாற்றை நினைத்தார். அதில் காவிரித் தண்ணீர் வராதது நினைவுக்கு வந்தது. யார் விடவில்லை என்பதும் நினைவுக்கு வந்தது. அந்தப் பெண் குரலையே பிடித்துத் திட்டிவிட்டு ஆப்பை மூடினார். நிறுத்த மறந்தார். வாரம் முடிந்த மறுநாள், முழு வருடச் சந்தா போனது.

அதை யாரிடம் சொல்ல முடியும்? செல்லத்திடமா? "எனக்கா கோபம்? எவன் சொன்னான்?" என்று கேட்டே, தங்கையைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளை வீட்டாரை விரட்டியவர் அவர். கோபத்துக்கு மருந்து வாங்கினேன், அதிலும் ஏமாந்தேன் என்று கட்டியவளிடம் சொல்வதைவிடக் கடலில் குதிக்கலாம். ஆனால் இப்போது சந்தாவை நிறுத்த ஆப்புக்குள் நுழைய வேண்டும். நுழைய ஓடிபி வேண்டும். ஓடிபி செல்லத்தின் போனுக்குத்தான் வரும்.

கடையை விட்டுவிட்டு மதியமே கோட்டுச்சேரி வீட்டுக்கு வந்து சேர்ந்தார்.

"செல்லம்."

இதுவும் அவர் தலையெழுத்துதான். எவ்வளவு கோபமாகக் கூப்பிட்டாலும் கொஞ்சுவது போலவே கேட்கும் பெயர். தெருவில் அவரை அன்பான புருஷன் என்று நம்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

அடுக்களையில் செல்லம் இறால் உரித்துக்கொண்டிருந்தாள். "என்னாங்க, இந்த நேரத்துல?"

"உன் போனுக்கு ஒரு நம்பர் வரும். அதைச் சொல்லு."

"என்னா நம்பரு?"

"ஆறு நம்பர். சும்மா ஒரு இது."

போன் சிணுங்கியது. செல்லம் கையைக் கழுவினாள். முந்தானையில் துடைத்தாள். கண்ணாடியைத் தேடினாள். அது தலைமேல் இருந்தது.

"வந்திருக்குதுங்க. யாருகிட்டயும் சொல்லக் கூடாதுன்னும் போட்டிருக்குது."

"யாருன்னா வெளி ஆளு. நான் புருஷன்."

"புருஷன் நீங்கலாகன்னு போடலயே. சாந்தம்னு வேற இருக்குது. யாருங்க சாந்தம்?"

 உண்மையைச் சொன்னால் கோபக்காரர் என்று ஒப்புக்கொண்டதாகும். சொல்லாவிட்டால், யார் அந்தச் சாந்தம் என்று ஆகும்.

"கம்பெனி பேரு. டயர் கம்பெனி."

"டயருக்கா சாந்தம்னு வைப்பாங்க?"

"சத்தம் வராத டயர்."

செல்லம் கண்ணாடியை மறுபடி தலைமேல் ஏற்றினாள். "சரி, சொல்றேன். அதுக்கு நீங்க ஒண்ணு செய்யணும். கொல்லையில கிடக்குற டயரையெல்லாம் எடுத்துடணும்."

கடையில் இடம் போதாமல் நீலமேகம் கொல்லையில் அடுக்கி வைத்திருந்த டயர்கள் அவை. ஒவ்வொன்றிலும் மழைத் தண்ணீர். ஒவ்வொரு தண்ணீரிலும் ஒரு கொசு ராஜ்ஜியம். செல்லம் எத்தனையோ முறை சொல்லிப் பார்த்துவிட்டாள். அது தங்கம், விலை ஏறும்வரை கிடக்கட்டும் என்பார் அவர்.

கேட்ட விலையை அப்படியே கொடுப்பது அவர் குலத்திலேயே இல்லை.

"பாதி எடுக்கிறேன்."

"எல்லாம்."

"பாதி இப்ப, பாதி தீபாவளிக்கு."

"எல்லாம்."

அவர் தன் கடைசி ஆயுதத்தை எடுத்தார். "அப்ப வேணாம் போ" என்று துண்டை உதறிக்கொண்டு வாசல்படி வரை நடந்தார். படி தாண்டுவதற்குள் எப்பேர்ப்பட்ட வியாபாரியும் கூப்பிட்டுவிடுவான். நின்றார். காதைத் தீட்டிக்கொண்டார். உள்ளே இறால் உரிகிற சத்தம்தான் கேட்டது. திரும்பி வந்தார்.

"சரி, முக்கால்வாசி."

"செத்துப்போச்சுங்க."

"என்னாது?"

"நம்பரு. அஞ்சு நிமிஷந்தான் அதுக்கு ஆயுசு."

அம்மையார் கதையில், கட்டியவளிடம் இரண்டாவது மாம்பழம் கேட்டவன் கடைசியில் ஊரைவிட்டே ஓடினான் என்பது காரைக்காலில் பால்குடிக்கும் பிள்ளைக்கும் தெரியும். நீலமேகம் இரண்டாவது ஓடிபி கேட்டார்.

"ஒழியட்டும், எல்லா டயரையும் எடுத்துடறேன். சொல்லு."

"அது பழைய விலைங்க. இப்ப டயரையும் எடுக்கணும், ஷரீபுன்னிசாகிட்ட மன்னிப்பும் கேக்கணும்."

"அஞ்சு நிமிஷத்துல விலை ஏறுமா? அதே சரக்குத்தானே?"

"அதே சரக்கு இல்லீங்க. இது புது நம்பரு."

ஷரீபுன்னிசா பக்கத்து வீடு. தன் மகளுக்குக் காய்ச்சல் வந்தபோது, டயர்த் தண்ணீரால்தான் கொசு என்று மதிலோரம் வந்து சொன்னாள். "எங்க வீட்டுலதான் பொறந்துச்சுன்னு கொசுக்கிட்ட பர்த் சர்டிபிகேட் இருக்கா?" என்று தெருவே கேட்கும்படி நீலமேகம் கேட்டார். அன்றிலிருந்து இரண்டு வீட்டுக்கும் பேச்சு நின்றுபோயிருந்தது.

"மன்னிப்பா? அவகிட்டயா? வேணும்னா பார்க்கும்போது ஒரு சிரிப்பு சிரிக்கிறேன்."

"உங்க சிரிப்பைப் பார்த்தா அந்தப் புள்ளைக்கு மறுபடியும் காய்ச்சல் வந்துடும்."

"நீயே என் சார்புல கேட்டுடு."

"நான் கேட்டு ரொம்ப நாளாச்சு. நீங்க கேக்கணும்."

"கேக்க மாட்டேன். நான் என்னா தப்பு பண்ணுனேன்? கோபமாவா பேசுனேன்? நியாயத்தைத்தானே கேட்டேன்?" குரல் ஏறியது. தாளிப்புக் கரண்டி ஆணியில் அதிர்ந்தது. நியாயத்தை அவர் முழுவதுமாக விளக்கி முடித்தபோது, இரண்டாவது நம்பரும் போய்ச் சேர்ந்திருந்தது.

போனைப் பார்த்தார். 'இன்று இன்னும் ஒரு முறை மட்டுமே முயலலாம்.'

நீலமேகம் முக்காலியில் உட்கார்ந்தார். இந்த முறை அவசரப்பட்டு அமுக்கவில்லை. நாளைக்குப் பணம் போனால் பணம்கூடப் பெரிதில்லை. இரண்டே நாள் கேட்ட நதிக்கு இரண்டாவது வருடமும் கப்பம் கட்டினான் நீலமேகம் என்று ஆகிவிடும்.

"முதல்ல விலையைச் சொல்லு," என்றார்.

"டயரு. மன்னிப்பு. எனக்கு ஒரு ஸ்கூட்டர்."

"ஸ்கூட்டரா? உனக்கு ஓட்டத் தெரியுமா?"

"ஒரு வருஷம் ஓட்டுனேனே. தைச்ச ஜாக்கெட்டையெல்லாம் காரைக்கால் கடைக்கு எதுல கொண்டு போனேன்னு நினைச்சீங்க? ஷரீபு வண்டிதான். நீங்க சண்டை போட்டப்புறம் கேக்க வெக்கமா இருக்குது. இப்ப மூட்டையைத் தூக்கிக்கிட்டு பஸ்ஸுல போறேன்."

நீலமேகம் முக்காலியிலிருந்து எழுந்துவிட்டார். தன் வீட்டில், தன் மூக்குக்குக் கீழே, ஒரு பொம்பளை ஒரு வருடமாக வண்டி ஓட்டியிருக்கிறாள். "எனக்குத் தெரியாதே."

"நீங்க கேக்கலயே."

"சரி, மூணும் சம்மதம். நம்பரை வரவழைக்கவா?"

"முதல்ல வேலை முடியட்டுங்க. உங்க கடையில கடனுக்கு டயர் குடுப்பீங்களா?"

கொடுக்க மாட்டார். 'கடன் கிடையாது' என்று கடைச் சுவரிலேயே எழுதிப் போட்டிருக்கிறார்.

குட்டியானை சரக்கு வண்டி வந்தது. டயர்கள் ஏறின. கொசுக்கள் கொஞ்ச தூரம் வழியனுப்பப் போயின. நீலமேகம் மதிலோரம் போய் நின்று, தொண்டையை மூன்று விதமாகச் செருமினார்.

"ஷரீபு, அந்தக் கொசு... எங்க வீட்டுக் கொசுதான்."

துணி காயப்போட்டுக்கொண்டிருந்த ஷரீபுன்னிசா திரும்பினாள். "அதனால என்னாண்ணே. எங்களைக் கடிச்ச வாயோட உங்களையுந்தானே கடிச்சிருக்கும்."

மன்னிப்பு இவ்வளவு மலிவாக முடியும் என்று அவருக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் முதலிலேயே கேட்டிருக்கலாம். அடுத்து, ஸ்கூட்டர் கடைக்காரரைக் கூப்பிட்டு, நிறத்தைச் செல்லமே சொல்ல, போனிலேயே அச்சாரம் அனுப்பினார். அச்சாரம் கைமாறினால் பேச்சு மாறக் கூடாது. துறைமுகச் சாலைக்கு அவரே போட்ட சட்டம்.

பிறகு ஆப்பை அமுக்கினார். செல்லத்தின் போன் சிணுங்கியது. இந்த முறை அவள் கண்ணாடி போடாமலே படபடவென்று ஆறு நம்பரையும் படித்தாள். அவர் போட்டார். கதவு திறந்தது.

'வணக்கம், நீலமேகம். உங்கள் சந்தாவின் தானியங்கிப் புதுப்பித்தல் இன்று காலை நிறுத்தப்பட்டது.'

அவர் இரண்டு முறை படித்தார். நிமிர்ந்தார்.

"காலையிலயே எப்படி..."

"எனக்கும் நாளைக்குப் பணம் பிடிப்போம்னு சேதி வந்துச்சு. என்னடா இதுன்னு உள்ள போய்ப் பார்த்தேன். உங்க பேரு இருந்துச்சு. பாவம், கோபத்தைக் குறைக்கப் பார்த்திருக்காருன்னு நினைச்சுக்கிட்டேன். ரெண்டு அமுக்கு, நின்னுடுச்சு."

"அப்ப எதுக்குடி என்னை இந்தப் பாடு படுத்துனே?"

செல்லம் மீதி இறாலை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"நான் டயரை மட்டுந்தாங்க கேட்டேன். மத்ததெல்லாம் நீங்களா பேரம் பேசி ஏத்திக்கிட்டது."