விழுங்கிமேட்டில் ஒரு கிழக்குப் பார்த்த மனை

நெருப்பைக் கண்டுபிடித்தவர் யாரென்று தெரியாது. சக்கரத்தைக் கண்டுபிடித்தவருக்கும் முகவரி இல்லை. ஆனால், விழுங்கிமேட்டை மனைகளாகப் பிரித்த மகான் யார் என்பதில் வருங்காலச் சந்ததிக்குச் சந்தேகமே வரக்கூடாது. அவர்தான் எங்கள் முதலாளி, 'பொன்தில்லை புரமோட்டர்ஸ்' அதிபர், 'டாக்டர்' வைத்திலிங்கம் அவர்கள். அவருடைய விளம்பர மேலாளர் என்ற முறையில் இந்தப் பாராட்டுரையை எழுதும் 'பாக்கியம்' எனக்குக் கிடைத்திருக்கிறது.

கடலூரிலிருந்து சிதம்பரம் போகிற வழியில், ஒரு மதகைத் தாண்டி இடப்பக்கம் திரும்பினால் விழுங்கிமேடு. எந்த வரைபடத்திலும் இல்லாத நிலம். அங்கே வாய்க்கால் மேட்டைப் பார்த்து ஓடும். பனைமரங்கள் உச்சிவெயிலில் நிழல் தேடி இடம் மாறி நிற்கும். மதியச் சாப்பாட்டு நேரம் முடிந்ததும் குன்று ஒருக்களித்துப் படுக்கும். சூரியன் தனக்குத் தோன்றிய திசையில் உதிக்கும். இதெல்லாம் சில்லறை விஷயம். உண்மையான ஆபத்து மண்ணில் இருக்கிறது. அந்த மண்ணுக்குப் பொய் ஆகாது. அதன்மேல் நின்று பொய் சொன்னால் ஆளை விழுங்கும்; உண்மையைச் சொன்னால் துப்பிவிடும். அக்கம்பக்கத்து ஊர்க்காரர்கள் அங்கே ஆடு மேய்க்கக்கூடப் போவதில்லை. ஆடுகளுக்குப் பயமில்லை, மேய்ப்பவர்களுக்குத்தான்.

"நம்ம வளர்ச்சி பொறுக்காதவன் எவனோ கெளப்பிவுட்ட வதந்தி," என்றார் முதலாளி. சொன்னது சிதம்பரம் அலுவலகத்தில், பளிங்குத் தரையில் நின்றுகொண்டு. பளிங்கு ஒன்றும் செய்யவில்லை.

'அனைத்தும் கிழக்குப் பார்த்த மனைகள்' என்று நோட்டீஸ் அடித்தோம். சூரியன் நாளுக்கொரு பக்கம் உதிப்பதால், எந்த மனைக்கும் என்றாவது ஒருநாள் அந்த யோகம் வரும். நோட்டீஸில் இருந்த உண்மை அது மட்டும்தான். அதுவும் எங்களை அறியாமல் நேர்ந்துவிட்டது.

முதல் ஞாயிற்றுக்கிழமை, இலவச வேனில் ஆட்களை அழைத்துப் போனோம். மதியம் பிரியாணி. வந்தவர்களில் செந்தமிழ்செல்வனும் அவர் மனைவி மாலதியும் முக்கியமானவர்கள். கடலூரில் அவர்கள் வாடகைக்கு இருக்கும் வீட்டில் மழை பெய்தால் கேஸ் சிலிண்டர் மிதக்கும். அடுத்த மழைக்கு முன்னால் தண்ணீர் நிற்காத இடத்தில் ஒரு மனை வாங்கிவிடுவது என்று மாலதி முடிவெடுத்திருந்தார்.

"டிபன் ஆச்சா சார்?" என்றேன், மரியாதைக்கு.

"ஆச்சு ஆச்சு. வயிறு ஃபுல்லு," என்றார் செந்தமிழ்செல்வன். அவருடைய செருப்பு மண்ணுக்குள் போய்விட்டது.

"எங்க சாப்ட்டீங்க? பிரியாணி போடுறாங்கன்னு காலையில ஒரு இட்லிகூடத் தொடல நீங்க!" என்றார் மாலதி.

"ஆமா, பசி உயிர் போவுது," என்று ஒப்புக்கொண்டார். செருப்பு மேலே வந்தது.

முதலாளி இதைக் கவனிக்கவில்லை. வெள்ளைச் சட்டையின் மடிப்பை நீவிக்கொண்டு நடுவில் வந்து நின்றார்.

"இங்கேர்ந்து பஸ் ஸ்டாண்டு அஞ்சே நிமிஷம்."

கணுக்கால்வரை இறங்கினார்.

"எந்த பஸ் ஸ்டாண்டு சார்?" என்றார் வேனில் வந்தவர்களில் ஒருவர்.

"சிதம்பரந்தான். இப்படித் திரும்புனா கடலூரும் அஞ்சே நிமிஷம்."

முழங்கால்.

"சார், நீங்க எறங்கிக்கிட்டே போறீங்க," என்றேன்.

"மண்ணு பொலபொலன்னு இருக்குய்யா கார்த்திகேசா. அஸ்திவாரம் தோண்டுற வேலை மிச்சம்!"

தொடை.

மாலதி முன்னால் வந்தார். "மழைக்குத் தண்ணி நிக்குமா சார்? எனக்கு அது தெரிஞ்சாப் போதும்."

"புயலே அடிச்சாலும் ஒரு சொட்டு நிக்காது மேடம்!"

மார்பு. நானும் வேன் ஓட்டுநரும் ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்தோம். கைக்கடிகாரம்தான் கழன்று வந்தது.

"சார், ஏதாவது ஒரு உண்மை சொல்லுங்க. மண்ணு துப்பிடும்!"

முதலாளி கண்ணை மூடித் தேடினார். பழைய வீட்டில் தொலைந்த சாவியைத் தேடுவதுபோல வெகுநேரம் தேடினார். "என் பேரு டாக்டர் வைத்திலிங்கம்!"

பெயருக்காக மண் கொஞ்சம் மேலே தூக்கியது. 'டாக்டரு'க்காகக் கழுத்துவரை இழுத்தது.

"அப்ரூவல்லாம் பக்காவா..." என்று ஆரம்பித்தார். பாய்ந்து அவர் வாயைப் பொத்தினேன். என் பணிக்காலத்தில் நிறுவனத்துக்கு நான் ஆற்றிய மிகப் பெரிய தொண்டு அதுதான்.

மாலதி அவர் எதிரில் குந்தினார். "சார், ஒண்ணு கேக்குறேன். இந்த எடத்துல நீங்க வீடு கட்டிக் குடி வருவீங்களா?"

மண் கீழுதட்டைத் தொட்டது.

"வரமாட்டேன்! சத்தியமா வரமாட்டேன் தாயே! என் புள்ளையக்கூட வரவுடமாட்டேன்!"

சோடா பாட்டிலின் மூடிபோல முதலாளி வெளியே தெறித்து விழுந்தார். வேனில் வந்தவர்கள் கைதட்டினார்கள். வாடிக்கையாளரின் கேள்விக்கு எங்கள் நிறுவனம் நேரடியாகப் பதில் சொன்னது வரலாற்றிலேயே அதுதான் முதல்முறை.

"அப்ப நாங்க யோசிச்சிட்டுச் சொல்றோம் சார்," என்றார் செந்தமிழ்செல்வன் பண்போடு. முழங்கால்வரை போய்விட்டார்.

"வேணாம்னு சொல்லித் தொலைங்க!" என்றார் மாலதி.

"வேணாம் சார்!" மேலே வந்தவர், பிரியாணிப் பொட்டலத்தை மறக்காமல் வாங்கிக்கொண்டு வேனில் ஏறினார். இப்போது மனை காட்ட வரும் தரகர் எல்லாரிடமும் மாலதி அந்தக் கேள்வியைத்தான் முதலில் கேட்கிறாராம். தரகர்கள் வருவது குறைந்திருக்கிறது.

எங்கள் நிறுவனம் பாடம் கற்றுக்கொண்டது. 'வாடிக்கையாளர் பாதுகாப்பு கருதி' நேரில் இடம் காட்டும் வழக்கத்தை முதலாளி அடியோடு நிறுத்திவிட்டார். எல்லாம் சிதம்பரம் பளிங்குத் தரையில், வீடியோவில்தான். மனைகள் மளமளவென்று போகின்றன.

இந்தப் பாராட்டுரையின் கடைசி வரியை மட்டும் விழுங்கிமேட்டிலேயே நின்று எழுதினால் உயிரோட்டமாக இருக்கும் என்றார் முதலாளி. மறுத்துவிட்டேன். கடலூரில், மூன்றாவது மாடியில், கான்கிரீட் தரையில் கால் படாமல் நாற்காலியில் சம்மணமிட்டு எழுதுகிறேன். கட்டடம் எங்கள் நிறுவனம் கட்டியது என்பதுதான் ஒரு சிறு கவலை.

எங்கள் முதலாளி நேர்மையின் மறு உருவம்.