இடியாப்ப மாவும் எட்டுப் போட்ட பெல்ட்டும்

நான் மெக்கானிக்கல் இன்ஜினியர். இதை நானேதான் சொல்லிக்கொள்ள வேண்டும்; எந்த மெஷினும் இதுவரை ஒத்துக்கொண்டதில்லை.

மூன்று வருஷத்துக்கு முன்னால் இந்த உண்மை எனக்கே தெரியாது. டிகிரி கைக்கு வந்த புதுசு. தெருவில் யார் வீட்டு மிக்ஸி மக்கர் செய்தாலும் எட்டிப் பார்த்து, "காயில் போயிருக்கும்" என்பேன். (எல்லாவற்றுக்கும் காயில்தான். ஒருமுறை பூட்டுக்கும் சொல்லியிருக்கிறேன்.)

அக்காவைக் கட்டிக்கொடுத்தது கும்பகோணத்தில். மச்சானுக்கு ஷார்ஜாவில் வேலை. அவர் கம்பெனியில் மெயின்டனன்ஸுக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று தெரிந்ததும் என் பயோடேட்டாவை நீட்டிவிட்டார். ஆளைத் தேர்ந்தெடுக்கிற மேனேஜர் பேராவூரணிக்காரர். மச்சானைப் போலவே அவரும் அப்போது லீவில் ஊரில் இருந்தார். வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுகை முடிந்து அக்கா வீட்டுக்குச் சாப்பிட வருவதாக ஏற்பாடு. மெயின் டிஷ் பிரியாணி. சைடு டிஷ் நான்.

வியாழக்கிழமையே போய் இறங்கினேன். மச்சான் ஒரு வேக்குவம் கிளீனரை உருட்டிக்கொண்டு வந்தார். முந்தின லீவில் அவர் கொண்டுவந்தது. நின்றபடியே தள்ளுகிற ரகம். அடியில் ஓர் உருளை பிரஷ், அதைச் சுழற்ற மோட்டாரிலிருந்து ஒரு ரப்பர் பெல்ட்.

"மோட்டார் கத்துது, பிரஷ் சுத்த மாட்டேங்குது. பெல்ட் தேஞ்சுபோச்சு. நீ புதுசு வாங்கி மாட்டி வையி மாப்ள. அவர் வர்றப்ப ஓட்டிக் காமி. சர்ட்டிஃபிகேட்ட விட அதான் பேசும்."

"இதெல்லாம் ஒரு வேலையா மச்சான்?" என்றேன். (வாய்!)

ஸ்பேர் பார்ட்ஸ் கடையில், "பெல்ட் வேணும்ணே" என்றேன்.

"இடுப்புக்கா, மிஷினுக்கா?"

"வேக்குவம் கிளீனருக்குண்ணே."

"பழச கொண்டாந்திருக்கீங்களா? அளவு பாக்கணும்ல."

"தேவையில்லண்ணே. நான் மெக்கானிக்கல்." இரண்டு கைகளையும் விரித்து, மீன் பிடித்தவன் அளவு சொல்வதுபோலக் காட்டினேன்.

அவர் என் கையைப் பார்த்தார், என் முகத்தைப் பார்த்தார், ஒரு பெல்ட்டை எடுத்துப் போட்டார். "லூசா இருந்தா கொண்டாங்க தம்பி, மாத்தித் தர்றேன்."

வெள்ளிக்கிழமை காலையில் அடித்தட்டைக் கழற்றி, பழசை எடுத்துவிட்டுப் புதுசை மாட்டினேன். லூஸ். இரண்டு விரல் விட்டு ஆட்டலாம். கடைக்குப் போய் மாற்றிவர நேரம் இருந்தது. ஆனால் கடைக்காரர் சொன்னபடியே திரும்பிப் போய் நிற்பதா?

அப்போதுதான் மூளையில் பல்பு எரிந்தது. திருக்காட்டுப்பள்ளி பக்கம் ஒரு பழைய ரைஸ் மில்லில் ஒரு வாரம் இன்டர்ன்ஷிப் போயிருந்தேன். (ஆறு நாள் டீ, ஒரு நாள் மில்.) அங்கே நீளமான பெல்ட்டை நடுவில் குறுக்காக விட்டு, எட்டு மாதிரி மாட்டியிருப்பார்கள். கப்பென்று பிடித்துக்கொள்ளும். நானும் ஒரு எட்டுப் போட்டேன். டைட்! கவிழ்த்தபடியே சுவிட்சைத் தட்டினேன். பிரஷ் சுழன்றது. எந்தப் பக்கம் சுழன்றது என்று பார்க்கத் தோன்றவில்லை. பெல்ட் பாடம் வருகிற பேப்பரில் நான் அரியர் வைத்துத் தேறியவன்.

தொழுதுவிட்டு மேனேஜரோடு திரும்பினோம். ஆள் அமைதியானவர். வெள்ளைச் சட்டை, புதிதாக டை அடித்த கறுகறு தாடி. கார்ப்பெட்டுக்கு நேராக சோஃபாவில் உட்கார்ந்தார்.

சும்மா ஓட்டினால் கெத்து இருக்காதே. அடுக்களையில் மச்சானின் அம்மா, அதாவது மாமி, வறுத்து வைத்திருந்த இடியாப்ப மாவில் ஒரு கிண்ணம் அள்ளிவந்து, கம்பெனி டெமோ காட்டுகிறவன்போலக் கார்ப்பெட்டில் தூவினேன்.

"டேய், டேய், அது மாமி மாவுடா!" என்று அக்கா பதறினாள்.

"இப்ப பாருங்க சார், ஒரு பொட்டு இருக்காது."

சத்தியமாக இல்லை. கார்ப்பெட்டில் ஒரு பொட்டு மாவு இல்லை. உள்ளே இழுக்க வேண்டிய பிரஷ் மொத்தத்தையும் வாரி முன்னால் வீசிவிட்டது. கூடவே மூன்று மாதத்துத் தூசியும். மேனேஜரின் வெள்ளைச் சட்டையில் பெரிதாக எதுவும் தெரியவில்லை. தாடிதான் ஒரே நொடியில் அறுபது வயதைத் தாண்டிவிட்டது.

"ஆஃப் பண்ணுடா!" மச்சான் கத்தினார். பதற்றத்தில் நான் இன்னும் கொஞ்சம் முன்னால் தள்ளினேன்.

மாவு அடங்கியதும் மேனேஜர் இரண்டு தும்மல் போட்டார், அல்ஹம்துலில்லாஹ் சொன்னார், ஸ்க்ரூ டிரைவர் கேட்டார். அவரே மெஷினைக் கவிழ்த்து, தட்டைக் கழற்றி, என் எட்டை ரொம்ப நேரம் பார்த்தார்.

"ரைஸ் மில்லு பாத்திருக்கீங்க போல தம்பி."

"ஆமா சார்!" (பாராட்டு என்றே நினைத்தேன்.)

"கிராஸ் போட்டா என்ன ஆகும்?"

"டைட்டாகும் சார்."

"அப்புறம்?"

"காயில்..." என்று ஆரம்பித்தேன்.

அடுக்களை வாசலில் காலிக் கிண்ணத்தோடு நின்ற மாமி பொறுக்கமாட்டாமல் சொன்னார்: "அப்புறம் என்ன, சுத்துற பக்கம் மாறும். எங்க அத்தா மில்லுல அதுக்குத்தான போடுவாக. இது தெரியாதா?" (மாமியின் அப்பா மில் வைத்திருந்தது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.)

மேனேஜர் தாடியைத் தட்டிவிட்டுக்கொண்டு, சிரிக்காமல் கேட்டார்: "அம்மா, ஒங்களுக்கு பாஸ்போர்ட் இருக்கா?"

மச்சான் சிரிப்பை அடக்க அறைக்குள் ஓடிப்போனார். அடக்கவில்லை, தெருவுக்கே கேட்டது.

எனக்கு விசா வரவில்லை. இப்போது தஞ்சாவூரில் ஒரு டிராக்டர் ஷோரூமில் விற்பனைப் பிரிவில் இருக்கிறேன். (சர்வீஸ் ஷெட் பக்கம் போனால் பையன்கள் ஸ்பேனரை ஒளித்துவைக்கிறார்கள்.) மச்சான் ஷார்ஜாவிலிருந்து பேசும்போதெல்லாம், "அம்மாவ எப்ப அனுப்புறீங்கன்னு மேனேஜர் கேக்குறார் மாப்ள" என்பார்.

போன வருஷம் மாமி மக்காவுக்கு உம்ரா கிளம்பினார். பாஸ்போர்ட்டுக்கு ஆன்லைனில் எழுதிப்போட்டது நான்தான். தொழில் என்று கேட்ட இடத்தில் நிறுத்தி, "வீட்ட பாத்துக்கிறவங்கன்னு போடவா மாமி?" என்றேன்.

"மெக்கானிக்கலுன்னு போடு," என்றார் மாமி. "குடும்பத்துல ஒருத்தராச்சும் இருக்கணும்ல."