குழாய் ஐயாவின் லீவு

அன்புக்கும் மரியாதைக்கும், கொஞ்சம் பயத்துக்கும் உரிய அக்காவுக்கு,

உன் தம்பி எழுதிக்கொள்வது. இங்கே நான் சுகம். இங்கே என்று சொல்லத்தக்க ஆள் நான் ஒருவன்தான் என்பதால், இங்கே எல்லோரும் சுகம். அங்கே உன் முழங்கால், அத்தானின் சளி, மருமகளின் பல்வலி, குழந்தைகளின் பரீட்சை எல்லாம் ஒருவாறு குணமாகி வருகின்றன என்று நம்புகிறேன்.

பொருள்: முழங்கால் அறுவை சிகிச்சைக்கு நேரில் வராமை குறித்து விளக்கம் அளித்தல்.

பார்வை: சென்ற ஞாயிறு காலை நீ என்னைத் தொலைபேசியில் திட்டியது.

மேற்படி பார்வையில், "கூடப்பிறந்தவளை ஆஸ்பத்திரியில வந்து எட்டிப்பார்க்க உனக்கு லீவு கிடைக்கலையா, மனசு கிடைக்கலையா?" என்று கேட்டாய். நான் வாயைத் திறப்பதற்குள் போனை வைத்துவிட்டாய். போனில் சொல்லி முடிகிற சங்கதி இல்லை இது. ஆகவே கீழ்க்கண்ட விளக்கத்தைப் பணிவுடன் சமர்ப்பிக்கிறேன்.

நான் நீர்மட்டப் பதிவு அலுவலகத்தில் கண்காணிப்பாளர் என்பது உனக்குத் தெரியும். கிணற்றிலும் ஏரியிலும் தண்ணீர் எவ்வளவு நிற்கிறது என்று அளந்து அட்டையில் எழுதி அனுப்புவார்கள். நாங்கள் பத்தொன்பது பேர் உட்கார்ந்து அதைப் பதிவேட்டில் ஏற்றுவோம். எட்டு மாதம் முன்பு ஓர் உத்தரவு வந்தது. எங்களைப் போன்ற பன்னிரண்டு சின்னத் துறைகளின் பதிவு, லீவு, தளவாடம், தபால், பழுதுபார்ப்பு எல்லாவற்றையும் ஒன்றாகச் சேர்த்து, நகரத்தின் அந்தக் கோடியில் 'பொது நிர்வாகச் சேவை மையம்' என்று ஒரே இடத்தில் நடத்தப்போகிறார்களாம். பன்னிரண்டு வீட்டுக்குப் பன்னிரண்டு அடுப்பு எதற்கு, ஒரே அடுப்பில் சமைத்தால் போதாதா என்று விளக்கம் சொன்னார்கள். நல்ல யோசனைதான். சமையல்காரர்களை எல்லாம் வேனில் ஏற்றிக்கொண்டு போனார்கள். பழைய பதிவேடுகளுக்குப் பொறுப்பான அலுவலர் ஒருவர் இருந்தாக வேண்டும் என்று விதி இருப்பதால், என்னை மட்டும் அணைந்த அடுப்புக்குப் பக்கத்தில் விட்டுவிட்டார்கள். போகும்போது தபால் பிரிவு அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "வாராவாரம் வந்து பார்ப்போம் சார்" என்றார். முதல் வாரம் மூன்று பேர் வந்தார்கள். இரண்டாம் வாரம் டைப்பிஸ்ட் மட்டும் வந்தார், குடையை மறந்துவிட்டாராம். அதற்குப் பிறகு யாரும் எதையும் மறக்கவில்லை.

இப்போது அந்தப் பெரிய ஹாலில் பத்தொன்பது மேசை, ஒரு மனுஷன். திங்கட்கிழமை என் மேசையில் உட்காருவேன், செவ்வாய் டைப்பிஸ்ட் மேசை, புதன் தபால் அம்மா மேசை என்று சுற்றி வருகிறேன். பைத்தியம் என்று நினைக்காதே. தூசி படியக் கூடாது இல்லையா, அதற்குத்தான்.

என் தலைக்கு மேலே இருந்த ட்யூப்லைட் ஒரு நாள் செத்தது. முன்பென்றால் பியூனைக் கூப்பிட்டால் ஸ்டூல் போட்டு ஏறி மாட்டிவிடுவான். இப்போது மையத்துக்குக் கணினியில் விண்ணப்பம் போட வேண்டும், அவர்கள் டோக்கன் எண் தருவார்கள். போட்டேன். மறுநாளே 'தங்கள் குறை தீர்க்கப்பட்டது, மகிழ்ச்சியா?' என்று செய்தி வந்தது. நான் இருட்டில் உட்கார்ந்து அதைப் படித்தேன். விசாரித்தால், எங்கள் அலுவலகத்தின் விலாசத்தையே மைய விலாசமாக மாற்றிவிட்டார்களாம். அங்கே இருக்கிற எங்கள் தபால் அம்மாவின் தலைக்கு மேல், நன்றாக எரிந்துகொண்டிருந்த விளக்கைக் கழற்றிவிட்டுப் புதிது மாட்டியிருக்கிறார்கள். அந்த அம்மா போன் பண்ணி, "வெளிச்சம் பிரமாதமா இருக்கு சார், உங்க கைராசி" என்று நன்றி சொன்னார். மூன்று மாதத்தில் அவர் பண்ணிய ஒரே போன் அதுதான். அதனால் நான் ஒன்றும் சொல்லவில்லை.

அடுத்தது தீயணைப்பு ஒத்திகை. கணினியில் இன்னும் இங்கே பத்தொன்பது பேர் என்றுதான் இருக்கிறது. மையம் ஒரு பயிற்சியாளரை அனுப்பிவிட்டது. கழுத்தில் விசிலும் கையில் வருகைப் பட்டியலுமாக வந்தார்.

"மீதிப் பேர் எங்கே சார்?"

"போயிட்டாங்க."

"எங்கே?"

"உங்களை அனுப்பினாங்களே, அங்கே."

மனுஷன் பட்டியலைப் புரட்டினார். "ஒத்திகை நடந்ததுன்னு நான் அறிக்கை கொடுத்தாகணும். மயக்கம் போட்டு விழறதுக்கு ஒருத்தர் வேணும், அவரைத் தூக்கிட்டு ஓடறதுக்கு ரெண்டு பேர் வேணும்" என்றார். நான் மயங்கி விழுந்தேன். பிறகு எழுந்து வந்து, விழுந்து கிடந்த என்னைத் தூக்குவதுபோல் ஒரு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு இரண்டு மாடி இறங்கினேன். விசில் அடித்துக்கொண்டே பின்னால் வந்தவர் கீழே மூச்சு வாங்க, "ரொம்ப நல்லா பண்றீங்க சார், மத்த ஆபீசுல இந்த ஒழுங்கு இல்லை" என்று கைகொடுத்தார். டீ சாப்பிட்டுப் போங்களேன் என்றேன். இன்னும் நாலு இடத்துக்குப் போக வேண்டும் என்று போய்விட்டார். நாற்காலியை நானே மேலே தூக்கிக்கொண்டு வந்தேன்.

இப்போது லீவு விஷயத்துக்கு வருகிறேன். உனக்கு ஆபரேஷன் தேதி குறித்த அன்றைக்கே விண்ணப்பம் போட உட்கார்ந்தேன், சத்தியம். முதல் கேள்வியே, 'உங்கள் இடத்தில் பொறுப்பு வகிப்பவர் யார்?' பட்டியலைத் திறந்தால் அதில் ஒரே பெயர், என் பெயர். அதைத் தொட்டேன். 'விடுப்பில் செல்பவரே பொறுப்பு வகிக்க இயலாது' என்று சிவப்பில் வந்தது. நியாயந்தானே. அந்த இடத்தை வெறுமனே விட்டு அனுப்பினேன், போய்விட்டது. அரை மணி கழித்து எனக்கே ஒரு செய்தி: 'உங்கள் பணியாளர் ஒருவர் விடுப்புக் கோரியுள்ளார், மேலதிகாரி என்ற முறையில் முடிவு செய்யவும்.' பணியாளரும் நான், மேலதிகாரியும் நான். முப்பது வருஷத்தில் யாருக்கும் லீவு இல்லையென்று சொன்னவன் இல்லை என்பதால் 'அனுமதி'யை அமுக்கினேன். தன் விடுப்பைத் தானே அனுமதிப்பது ஒழுங்கு நடவடிக்கைக்கு உரியது என்றது. சரி, எதற்கு வம்பு என்று 'மறுப்பு' அமுக்கிப் பார்த்தேன். அதை மட்டும் பளிச்சென்று ஏற்றுக்கொண்டு, 'உங்கள் மேலதிகாரி உங்கள் விடுப்பை மறுத்துவிட்டார். மனக்குறை இருந்தால் அவரிடமே பேசவும்' என்றது. பேசினேன் அக்கா. நல்லா சத்தமாவே பேசினேன். ஆபீசில் யாரும் இல்லாததால் மானம் தப்பியது.

கடைசியில் மையத்தின் உதவி எண்ணுக்குப் போன் போட்டேன். எடுத்தவள் எனக்குப் பழக்கமான பெண்தான், எங்கள் அலுவலக அழைப்பெல்லாம் அவளிடம்தான் போகும். எப்படிப் பழக்கம் என்று கேட்பாய். உன்னிடம் ஒளிக்க என்ன இருக்கு, சொல்லிவிடுகிறேன். ட்யூப்லைட் விவகாரத்தில் விலாசத்தைச் சரி பண்ணிக் கொடுத்ததே அவள்தான். அன்னைக்குப் பேசி முடிச்சதும், "வேற ஏதாவது உதவி வேணுமா ஐயா?"ன்னு கேட்டா. எல்லாரிடமும் கேட்கிற கேள்விதான், எழுதிக் கொடுத்திருப்பாங்க. ஆனா உன் தம்பி பொண்டாட்டி போய்ச் சேர்ந்த இந்த நாலு வருஷத்துல அந்தக் கேள்வியை என்கிட்ட யாரும் கேட்கலை. வேற என்ன உதவி வேணும்னு யோசிச்சேன். குழாய் சொட்டுறதாச் சொன்னேன். நிஜமாவே சொட்டிச்சு. பிளம்பர் வந்தார், வாஷர் மாத்தினார், இருபது நிமிஷம் இருந்தார், அவர் மாமனார் வீட்டுத் தகராறெல்லாம் சொன்னார், நல்லாப் பொழுது போச்சு. மறுவாரம் மறுபடி சொட்டிச்சு, மறுபடி போன் பண்ணினேன். மூணாவது தடவை அந்த வாஷரைக் கழட்டினது நான்தான். நாலு, அஞ்சு, ஆறுகூட.

ஏழாவது தடவை போன் பண்ணினப்போ அந்தப் பெண், "ஐயா, அந்தக் குழாய் நல்லாத்தானே இருக்கு?"ன்னு கேட்டா. அவளே, "சும்மா பேசணும்னா பேசுங்க ஐயா, டோக்கன் மட்டும் போடாதீங்க. டோக்கன் போட்டா நான் அதை மூடியாகணும்"னா. அதுக்கப்புறம் பதினோரு மணி வாக்கில் டோக்கன் இல்லாம ரெண்டு நிமிஷம் பேசுவோம். சாப்பிட்டியாம்மா, சாப்பிட்டேன் ஐயா, நீங்க? அவ்வளவுதான். பெயர்கூடக் கேட்டதில்லை.

லீவு விஷயத்தைச் சொன்னதும், "அது கணினியில ஆகாது ஐயா, நேர்ல மனு எழுதிட்டு வாங்க"ன்னா. ரெண்டு பஸ் மாறிப் போனேன். வாசலில் காவலாளி, முன்பதிவு இல்லாமல் உள்ளே விடமாட்டேன் என்றார். முன்பதிவு எங்கே செய்வது? உதவி எண்ணில்தான். வாசலில் நின்றுகொண்டே போன் போட்டேன். "எங்க இருக்கீங்க ஐயா?" என்றாள். "உங்க வாசல்ல" என்றேன். கண்ணாடிக் கதவு வழியாகப் பார்த்தால் உள்ளே ஆஸ்பத்திரி மாதிரி வெள்ளை வெளிச்சம், முந்நூறு பேர் இருப்பார்கள், ஒவ்வொருவர் காதிலும் ஒரு கருவி. அதில் எங்கள் தபால் அம்மாவையும் பார்த்தேன். சாப்பாட்டு டப்பாவைத் திறந்து வைத்துக்கொண்டு, பக்கத்தில் யாரையும் பார்க்காமல், திரையைப் பார்த்தபடி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். எங்கள் ஹாலில் அவர் டப்பாவைத் திறந்தால் நாலு கை நீளும். கையை ஆட்டினேன், பார்க்கவில்லை. நம்ம கதிதான் இப்படின்னு நினைச்சேன், முந்நூறு பேர் நடுவுலயும் அதே கதிதான் போலிருக்கு.

அப்போது ஐம்பது வயதிருக்கும் ஒரு பெண் வெளியே ஓடி வந்தாள். குரலை வைத்து இருபத்தைந்து என்று நான் நினைத்திருந்தேன். மேலும் கீழும் பார்த்தாள். "குழாய் ஐயாவா?" என்றாள். அங்கே எனக்கு அதுதான் பெயராம். போனில் தினமும் பேசியவர்கள், நேரில் வெயிலைப் பற்றிப் பேசினோம். "தினம் நூத்திருபது பேர் பேசுறாங்க ஐயா. நான் சாப்பிட்டேனான்னு கேட்கறது நீங்க ஒருத்தர்தான்" என்று சொல்லி மனுவை வாங்கிக்கொண்டாள். "மேலே அனுப்பறேன்" என்றாள். அவளுக்கு இடைவேளை முடிந்துவிட்டது. நான் பஸ் ஏறி வந்துவிட்டேன்.

இதுதான் நடந்தது. இதில் என் பக்கம் குற்றம் ஏதும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. ஆகவே மேற்படி கோபத்தைக் கருணையுடன் மறுபரிசீலனை செய்து ரத்து செய்யும்படி கேட்டுக்கொள்கிறேன். அத்தானுக்கு என் வணக்கம். குழந்தைகள் நன்றாகப் படித்து, எந்த மையத்திலும் சேராமல் தீர்க்காயுசாக இருக்க என் ஆசி. உன் முழங்கால் உன்னைவிட நீண்டகாலம் உழைக்கட்டும்.

இப்படிக்கு,
என்றும் கீழ்ப்படிதலுள்ள
தம்பி

பி.கு.: உறையில் போடுமுன் ஒரு தடவை படித்துப் பார்த்தேன். பொய் ஒரு வரிகூட இல்லை. ஆனால் ஒரு வரி விட்டுப்போயிருக்கிறது. அன்னைக்கு நான் திரும்பி வந்து ஆபீஸ் படி ஏறுறதுக்குள்ளயே லீவு சாங்ஷன் ஆயிடுச்சு அக்கா. உன் ஆபரேஷனுக்கு முந்தின நாள் தொடங்கிப் பத்து நாள். பையை எடுத்துக்கிட்டு ரெண்டு தடவை பஸ் ஸ்டாண்டு வரை போனேன். உன் வீட்டுல ஒன்பது பேர். பத்து நாள் அந்தச் சத்தத்துல இருந்துட்டு மறுபடி இந்த ஹாலுக்கு வரணுமேன்னு நினைச்சா கால் ஏறலை. பத்து நாள் லீவையும் ஆபீஸ்லயே உட்கார்ந்து கழிச்சேன். லீவுல இருக்கிறவன் ஏன் வந்தேன்னு கேட்கறதுக்கும் ஒரு ஆள் வேணுமே. நேத்து, லீவோட கடைசி நாள், அந்தப் பெண் எதுக்கோ ஆபீசுக்குப் போன் பண்ணினா. பழக்க தோஷத்துல எடுத்துட்டேன். "அக்கா எப்படி இருக்காங்க?"ன்னு கேட்டா. உண்மையைச் சொன்னேன். நீ திட்டினதெல்லாம் ஒண்ணுமில்லை, அவ திட்டினதுதான் திட்டு. இன்னைக்குக் காலைல அவளே மேலே பேசி இன்னும் பத்து நாள் நீட்டிட்டா. நாளை முதல் பஸ்சுக்கு டிக்கெட் எடுத்தாச்சு. இந்தக் கடிதத்துக்கு முன்னால் நான் வந்து சேர்ந்துவிட்டால், தபால்காரர் கொண்டுவரும்போது இதைப் பிரிக்காமல் என் கையில் கொடுத்துவிடு.