கையில் வாங்காத கடுதாசி

“குசினி இடிக்கக் கோட்டு உத்தரவோடை பிஸ்கால் ஆள் வந்தால், கடுதாசியைக் கையிலை வாங்கிப்போடாதையும். வாங்கினால் அலுவல் முடிஞ்சுது” என்று வழக்குப் பேசும் பிரக்கிராசி சொல்லியிருந்தார்.

அதை மனப்பாடம் செய்தபடி சைக்கிளில் அரியாலை வீட்டடியில் வந்து இறங்கிய ஆழ்வாப்பிள்ளை சைக்கிளை வேலியில் சாத்திவிட்டு எட்டிப் பார்த்தார். வாசல் படலைக்குள் காக்கிக் காற்சட்டைக்காரர் ஒருவர் நின்றார். கையில் கடுதாசி. பின்னால் இரண்டு கூலியாட்கள், ஒரு இரும்பு அலவாங்கு, ஒரு அளவுநாடா.

ஆழ்வாப்பிள்ளை சமையலுக்கென்று கட்டிய புதுக் குசினி பக்கத்து வளவுச் செல்வரட்ணத்தின் காணிக்குள் இரண்டடி தள்ளி நிற்கிறது, இடிக்க வேண்டும் என்று போன மாதம் தீர்ப்பாகிவிட்டது. ஆழ்வாப்பிள்ளை அப்பீல் எடுத்தார். அப்பீல் முடியும்வரை இடிக்காமலிருக்கத் தடை உத்தரவு கேட்ட மனு இன்றுதான் நீதிபதி முன் போகிறது. கிடைத்தால் பிரக்கிராசியின் கிளாக்கர் செபநாயகம் கொண்டு வருவார். அதுவரை தாக்குப்பிடிக்க வேண்டும்.

“ஐயா, இதை ஒருக்காப் பாருங்கோ” என்று காக்கிக்காரர் கடுதாசியை நீட்டினார்.

“முதல்லை தேத்தண்ணி!” நீட்டிய கையில் மூக்குப்பேணியை வைத்தார் ஆழ்வாப்பிள்ளை.

தேத்தண்ணி குடித்த உற்சாகத்தில் கூலியாட்கள் நேரே குசினிச் சுவரடிக்குப் போய் நாடா பிடித்தார்கள். “இவடம்தான் சரி” என்று ஒருவன் நிலத்தில் கீறினான்.

மனைவி மகாதேவி குசினிக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தாள். “இஞ்சாருங்கோ, நான் உள்ளை நிக்கேக்கையே இடிக்கப் போறாங்களோ?”

“விசர்க்கதை கதையாதை. நாலு கறியோடை சமை. சாப்பிட வைச்சால் நேரம் போகும்.”

வந்தவர்கள் கைகழுவப் போன நேரம் பார்த்து, ஆழ்வாப்பிள்ளை அலவாங்கைத் தூக்கிக் கிணற்றுக்குள் விட்டார்.

“என்ன ஐயா சத்தம்?”

“தேங்காய்.”

கூலியாள் சும்மா இருக்கவில்லை. வேலிக்கு மேலால் எட்டி அலவாங்கு இரவல் கேட்டான். செல்வரட்ணம் கலியாண வீட்டுக்கு வருவதுபோல் ஓடி வந்தார். “ஒண்டு காணாமல் போனாலும் எண்டு ரெண்டாய்க் கொண்டந்தனான். நானும் ஒரு கை பிடிக்கட்டோ?”

நாலு கறியும் முடிந்தது. காக்கிக்காரர் ஏப்பம் விட்டார். “எங்களை இப்பிடி ஒரு வீட்டிலையும் கவனிக்கேல்லை, ஐயா. இப்பவெண்டாலும் இந்தக் கடுதாசி...”

“பாயாசம்!”

பாயாசமும் முடிந்தது. கூலியாள் அலவாங்கை ஓங்கினான். ஆழ்வாப்பிள்ளை ஓடிப்போய்க் கீறின இடத்திலேயே சப்பாணி கட்டி இருந்துவிட்டார்.

“எழும்புங்கோ ஐயா, ஒரு மணித்தியால வேலை.”

“என்ரை தலையிலை இடியுங்கோ!”

அந்த நேரம் படலையடியில் சைக்கிள் மணி கேட்டது. வியர்த்து வழிய செபநாயகம் கத்திக்கொண்டே வந்தார். “அண்ணை, கிடைச்சிட்டுது!”

ஆழ்வாப்பிள்ளை துள்ளி எழும்பி, உத்தரவை வாங்கி, வேலிக்கு அப்பாலும் கேட்கும்படி வாசித்தார். “அப்பீல் முடியும்வரை மேற்படி குசினியையும் அதைச் சூழ்ந்த நிலத்தையும் எவரும் இடிக்கவோ கிண்டவோ கூடாது!”

மகாதேவி அகப்பையும் கையுமாக வெளியே வந்து சிரித்தாள், கண்ணைத் துடைத்தாள், திரும்பவும் சிரித்தாள். செல்வரட்ணத்தின் முகம் சுண்டிப்போயிற்று.

காக்கிக்காரர் உத்தரவைப் பார்த்துத் தலையாட்டினார். “கோட்டு உத்தரவெண்டால் நாங்கள் என்ன செய்யிறது? ஆனால் ஐயா, இனி நாங்கள் இந்தப் பக்கம் வரக் கன வருசமாகும்.”

“வரவே வேண்டாம்!”

“அப்ப, வேண்டாமெண்டு இதிலை ஒரு கையெழுத்து வையுங்கோ.”

ஆழ்வாப்பிள்ளை கடுதாசியைப் பறித்து, வாசிக்காமலே, கொட்டை எழுத்தில் ஒப்பம் வைத்தார். எல்லாருக்கும் இன்னொரு தேத்தண்ணி போடச் சொல்லி மனைவிக்குக் குரல் கொடுத்தார்.

நாடாவைச் சுருட்டிய கூலியாள் காக்கிக்காரரிடம் கேட்டான்:

“அப்ப, இந்த ஐயா பெட்டிசம் எழுதிக் கேட்ட கறண்ட் கம்பிப் போஸ்ற்றை, அலவாங்கு தந்த ஐயான்ரை வளவுக்கை நடுவமோ?”