கவிழ்த்து வைத்த துரும்பும் கொழும்பு மாப்பிள்ளையும்

ஒரு விஷயம் அறவே தெரியாதவனால் யாருக்கும் பெரிய கெடுதல் வருவதில்லை. அவன் கையைக் கட்டிக்கொண்டு ஓரமாக நிற்பான். அதற்குப் பக்கத்து விஷயம் தெரிந்தவன்தான் ஆபத்தானவன். அவன் முன்னால் வந்து கதிரையை இழுத்துப் போட்டு உட்காருவான். நான் அப்படி உட்கார்ந்தவன். எனக்கு பிரிட்ஜ் தெரியும் என்ற ஒரே காரணத்தால் என் கல்யாணம் நிற்கப் பார்த்தது.

பிரிட்ஜ் நான் ஆசைப்பட்டுக் கற்றதல்ல. கொழும்பில் நான் வேலை செய்த காப்புறுதிக் கந்தோரின் முகாமையாளருக்குச் சீட்டுக்கட்டும் கடதாசி விளையாட்டும் என்றால் உயிர். புதன்கிழமைப் பின்னேரங்களில் மேல்மாடிச் சாப்பாட்டு அறையில் வகுப்பு வைப்பார். பதவி உயர்வை எதிர்பார்த்த எல்லோருக்கும் திடீரென்று பிரிட்ஜில் ஆர்வம் பிறந்தது. (எனக்குக் கொஞ்சம் கூடுதலாகவே பிறந்தது.)

அதில் கேள்வி கேட்பது, அதாவது இத்தனை எடுப்பேன் என்று ஏலம் கூறுவது, ஒரு தனிப் பாஷை. ஒருவர் 'இரண்டு கிளாவர்' என்கிறார். அவர் கையில் கிளாவர் சாதித் தாள் ஒன்றுகூட இல்லாமல் இருக்கலாம். 'உன்னிடம் ஆட்டின் சாதியில் நாலு தாள் இருக்கிறதா' என்று எதிரே இருக்கும் பாட்னரிடம் விசாரிக்கிறாராம். முதலில் மலைத்துப் போனேன். பிறகு யோசித்துப் பார்த்தால், எங்கள் ஆட்கள் சம்பந்தம் பேசுவதும் இப்படித்தானே? 'உங்கடை கிணறு நல்ல தண்ணியோ?' என்று ஒருவர் கேட்டால், அவருக்குத் தண்ணீர் விடாய்க்கிறது என்றா அர்த்தம்? காணி எவ்வளவு எழுதுவீர்கள் என்றல்லவா கேட்கிறார்!

இத்தனை படித்தும் எனக்குக் கைவந்தது ஒன்றே ஒன்று. பிரிட்ஜில் ஒருவர் கேள்வியை எடுத்துவிட்டால், அவருடைய பாட்னர் தன் தாள்கள் அத்தனையையும் மேசையில் முகம் தெரிய விரித்து வைத்துவிட வேண்டும். அவற்றையும் சேர்த்துக் கேள்வி எடுத்தவரே விளையாடுவார். விரித்துவிட்டுச் சும்மா இருப்பவருக்கு 'டம்மி' என்று பெயர். முகாமையாளர் எப்போதும் என்னைத்தான் பாட்னராக எடுப்பார். எப்போதும் கேள்வியை அவரே எடுப்பார். "தம்பி, விரிச்சுப்போட்டு அப்பிடியே எனக்கொரு தேத்தண்ணி கொண்டு வாரும்" என்பார். விளையாடக் கிடைத்தது குறைவு என்றாலும், விரிப்பதில் என்னை அடிக்க அந்தக் கந்தோரிலேயே ஆள் இல்லை. சாதி சாதியாகப் பிரித்து, பெரியதிலிருந்து சின்னதாக அடுக்கி, வரிசை கோணாமல் வைப்பேன்.

இந்த லட்சணத்தில் எனக்குப் பெண் பார்த்தார்கள். யசோவின் ஊர் யாழ்ப்பாணத்து ஊர்காவற்துறைப் பக்கம் நாரந்தனை. என் அப்பாவின் ஊரும் அதற்கு அடுத்தாற்போல் இருக்கும் கரம்பொன்தான். ஆனால் அவர் தெற்கே காலி நகரத்தில் கடை வைத்திருந்ததால் நான் அங்கேயே வளர்ந்துவிட்டேன். அதனால் நாரந்தனையில் எனக்குக் 'கொழும்பு மாப்பிள்ளை' என்று பெயர். அதில் கொஞ்சம் மரியாதையும் நிறையச் சந்தேகமும் கலந்திருந்தது.

எல்லாம் பொருந்தி வந்தது. பிறகுதான் யசோ தொலைபேசியில் குண்டைப் போட்டாள்.

"சித்தப்பா கலியாணத்துக்கு வரமாட்டார் போலை கிடக்கு. அவர் வராட்டில் நான் மணவறைக்கு ஏறமாட்டன்."

அவளுடைய அப்பா அம்பலவாணரும், சித்தப்பா குலசிங்கமும் அடுத்தடுத்த வளவில் இருப்பவர்கள். ஒரு வருடம் இரண்டு வளவுக்கும் நடுவில் வேலி அடைத்தபோது, வேலிக்கு நட்ட கதியால் ஒரு சாண் இந்தப் பக்கம் வந்துவிட்டது என்று அண்ணர் சொன்னார். அந்தப் பக்கம் போய்விட்டது என்று தம்பி சொன்னார். அன்றோடு பேச்சு நின்றது. "அவர் வாய் திறந்து கேக்கட்டும், வாறன்" என்று தம்பி நின்றார். "அவன் முதலிலை கதைக்கட்டும், கேக்கிறன்" என்று அண்ணர் நின்றார்.

யசோவின் பிடிவாதத்திலும் நியாயம் இருந்தது. அவளுடைய அப்பாவும் ஒரு காலம் தெற்கில் கடையோடு கிடந்தவர்; அப்போது அவளைச் சைக்கிளில் ஏற்றிப் பள்ளிக்கூடம் கொண்டுபோனவர், காய்ச்சலில் கிடந்தபோது தலைமாட்டில் இருந்தவர் சித்தப்பா. "எனக்கு ரெண்டு அப்பா. ஒராள் இல்லாமல் எப்பிடித் தாலி கட்டுறது?" என்று அவள் அழுதபோது எப்படியும் அவரைக் கூட்டிவருவோம் என்றேன். (கல்யாணம் நின்றால் முகாமையாளரிடம் எடுத்த லீவை என்ன செய்வது என்ற கவலையும் வந்தது. அதைச் சொல்லவில்லை.)

இதில் ஒரு விசித்திரம். பேச்சு நின்றாலும் இருவருக்கும் விளையாட்டு நிற்கவில்லை. செத்த வீடோ கலியாண வீடோ, எங்கே முன்னூற்றிநாலு என்ற கடதாசி விளையாட்டுக்கு மேசை போட்டாலும் இருவரும் எதிரெதிரே ஒரே கட்சியாக உட்காருவார்கள். வேறு பாட்னர் இருவருக்கும் பிடிக்காது. பாட்னரோடு கதைப்பது அந்த விளையாட்டில் குற்றம் என்பதால் வசதியாகவும் இருந்தது. அந்தச் சோடியை வென்றவர்கள் ஊரில் இல்லை.

யசோ இதிலேதான் திட்டம் போட்டாள். "ஒரே கட்சியிலை இருந்தால் ஆயுசுக்கும் கதைக்கமாட்டினம். எதிர்க் கட்சியிலை இருத்தினால் சண்டை வரும். சண்டை வந்தால் வாய் திறக்கத்தானே வேணும்? நீங்கள் அப்பாவுக்குப் பாட்னராய் இருங்கோ. பக்கத்து வீட்டுக் கந்தையா அண்ணை சித்தப்பாவுக்கு இருப்பார். உங்களுக்கு முன்னூற்றிநாலு தெரியும்தானே?"

"நான் பிரிட்ஜ் விளையாடுறனான். அதோடை பாத்தால் உது சின்னப்பிள்ளையளின்ரை விளையாட்டு" என்றேன்.

அவள் வாட்ஸ்அப்பில் விதிகளை ஒவ்வொன்றாகக் குரல் பதிவில் அனுப்பினாள். இதில் ஜாக்கிதான் பெரியது, அடுத்தது ஒன்பது, பிறகுதான் ஆஸ் என்பதுவரை கேட்டேன். மிச்சத்தைக் கேட்காமலே பெருவிரல் படம் ஒன்றைத் தட்டிவிட்டேன். அந்த மிச்சத்தில்தான் என் மானம் முழுவதும் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு கந்தையா அண்ணையின் முற்றத்து வேம்பின் கீழ் மேசை போட்டார்கள். அந்த மேசையில் தோற்கிற கட்சி காதில் பூவரசம் இலை செருக வேண்டும் என்பது சட்டம். என் மாமாவாகப் போகும் அம்பலவாணரின் காதில் அதுவரை இலை ஏறியதேயில்லை என்று கந்தையா அண்ணை எனக்குப் பெருமையாகச் சொன்னார். மாப்பிள்ளைக்கு மாமாதான் பாட்னர் என்று யசோ பிடிவாதம் பிடித்ததால் மாமா எனக்கு எதிரே இருந்தார். வேட்டி மடிப்புக் கலையாத மனிதர். சின்னமாமா குலசிங்கம் அவர் பக்கம் திரும்பாமல் தாளைக் குலுக்கினார்.

முதல் ஆட்டத்தில் மாமா கேள்வியை எடுத்தார். ஒரு தாளைத் தன் முன்னால் கவிழ்த்து வைத்தார். அதுதான் துரும்பு. வேறு எந்தச் சாதியையும் வெட்டக்கூடிய சாதி எது என்பதற்கு அடையாளம். அது நேரம் வரும்வரை கவிழ்ந்தேதான் கிடக்க வேண்டும். பாட்னருக்குக்கூடத் தெரியக்கூடாது. இதெல்லாம் நான் கேட்காத குரல் பதிவில் இருந்ததாகப் பிறகு அறிந்தேன். பிரிட்ஜில் துரும்பு எல்லோருக்கும் தெரிந்த விஷயம்.

நான் பார்த்தேன். பாவம், மாமாவின் தாள் ஒன்று கை தவறி விழுந்து கிடக்கிறது. வருங்கால மருமகனின் கடமை என்ன?

"மாமா, உங்கடை தாள் ஒண்டு விழுந்து கிடக்கு" என்று எட்டி எடுத்து, எல்லோருக்கும் தெரியத் திருப்பி, பணிவோடு அவரிடம் நீட்டினேன். ஸ்கோப்பன் ஜாக்கி.

மாமா கண்ணை மூடினார். சின்னமாமாவுக்குப் பேச வாய் துடித்தது தெரிந்தது, ஆனால் அவர் விழுங்கிக்கொண்டார். கந்தையா அண்ணை மட்டும் மெதுவாக, "தம்பி, உது விழேல்லை. வைச்சது" என்றார். துரும்பைத் திறந்த குற்றத்துக்கு ஆட்டம் தோற்றதாக முடிவாயிற்று. மாமா தானே போய் வேலியிலிருந்து இரண்டு இலை பிடுங்கிவந்தார். ஒன்றைத் தன் காதில் செருகிக்கொண்டு மற்றதை என்னிடம் தந்தார். அதைவிட என் கன்னத்தில் ஒன்று தந்திருக்கலாம்.

குசினி வாசலில் நின்ற யசோ என்னைப் பார்த்த பார்வையை இங்கே எழுத ஏலாது.

இரண்டாம் ஆட்டம். எட்டுத் தாளையும் பார்த்துவிட்டு மாமா, "இருநூற்றி ஐம்பது" என்றார். அது சும்மா கேட்கிற கேள்வியல்ல. மொத்தமே முன்னூற்றிநாலு புள்ளியில் இருநூற்றி ஐம்பதை எடுத்துக் காட்டுவேன் என்று சவால். காதிலிருந்த இலையின் கோபம் முழுவதும் அந்தக் குரலில் இருந்தது. துரும்பைக் கவிழ்த்து வைத்தார். நான் அந்தப் பக்கமே பார்க்கவில்லை, கையைக் காலிடுக்கில் வைத்துக்கொண்டேன். இந்த முறை ஒரு பிழையும் விடக்கூடாது, எனக்குத் தெரிந்த ஒழுங்குப்படி நடந்துகொள்ள வேண்டும் என்று நல்லூர்க் கந்தனை வேண்டிக்கொண்டேன்.

சின்னமாமா முதல் தாளை இறக்கினார். என் பாட்னர் கேள்வி எடுத்திருக்கிறார். எதிரி முதல் தாளை இறக்கிவிட்டான். அந்த இடத்தில் என் மூளை விலகிக்கொள்ள, புதன்கிழமைப் பழக்கம் கையைப் பிடித்துக்கொண்டது.

எட்டுத் தாளையும் மேசையில் விரித்தேன். சாதி சாதியாக. பெரியதிலிருந்து சின்னதாக. வரிசை கோணாமல்.

அதோடு விட்டேனா? எழும்பினேன். "மாமா, என்ரை தாளையும் நீங்களே விளையாடுங்கோ. நான் போய்த் தேத்தண்ணி கொண்டு வாறன்" என்றேன்.

"அண்ணை!"

மேசையில் அடித்துக்கொண்டு எழும்பியவர் சின்னமாமா.

"அண்ணை, இந்தாள் என்ன செய்யுது?"

"எனக்கென்னடா தெரியும்? கடை விரிக்கிறார் போலை கிடக்கு!" என்றார் மாமா.

"விசர் கிசர் ஏதும் இருக்கோ எண்டு விசாரிச்சனீங்களோ?"

"சாதகம் பாத்தனாங்கள் குலம். சாதகத்திலை உது வரேல்லை!"

"நான் எதிர்க் கட்சி அண்ணை. எனக்கே வயிறு பத்தி எரியுது. எங்கடை பிள்ளையை உந்தாளுக்கோ குடுக்கப் போறியள்? வீட்டு ரகசியம் ஒண்டு நிண்டு பிடிக்குமோ?"

"அதுதானேடா! கலியாணத்தை நிப்பாட்டுவமோ எண்டு யோசிக்கிறன்!"

நான் கதிரைக்கும் குசினிக்கும் நடுவில், காதில் இலையோடு நின்றேன். "மாமா, பிரிட்ஜிலை..." என்று தொடங்கினேன்.

"நீர் வாயை மூடும்!" என்றார்கள் இருவரும் ஒரே குரலில். கந்தையா அண்ணை என் சட்டையைப் பிடித்து இழுத்து, "ஸ்ஸ்... கதைக்கினம் தம்பி. குழப்பாதையும்" என்று காதுக்குள் சொன்னார்.

அப்போதுதான் அவர்களுக்கே உறைத்தது. இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு அப்படியே நின்றார்கள். யசோ ஓடிவந்து சித்தப்பாவின் கையைப் பிடித்தாள்.

"சித்தப்பா, கலியாணத்தை நிப்பாட்டுறதெண்டாலும் நீங்கள் வந்துதான் நிப்பாட்ட வேணும். வருவியள்தானே?" சொல்லும்போதே அழுதுவிட்டாள்.

சின்னமாமா தலையைக் குனிந்துகொண்டார். மாமா தொண்டையைச் செருமினார். "வாடா குலம்" என்றார். அவ்வளவுதான். சின்னமாமா வேட்டித் தலைப்பால் முகத்தைத் துடைத்துவிட்டு, "வராமல்? உந்தாளைத் தனிய நம்பிப் பிள்ளையை விட ஏலுமோ?" என்றார். பிறகு என் கதிரையில் போய், அண்ணருக்கு எதிரே, தன் பழைய இடத்தில் உட்கார்ந்தார்.

கல்யாணம் நடந்தது. சின்னமாமா விடிய முதலே வந்து, வாசலில் நின்று வந்தவர்களை வரவேற்று, ஒவ்வொருவரையும் தனியாகக் கூட்டிப்போய் நான் தாள் விரித்த கதையைச் சொன்னார். கனடாவிலிருந்து வந்த என் சொந்தக்காரர்கூட அவர் சொல்லித்தான் கேட்டார். நான் மணவறையில் இருந்தபடி யார் யார் திரும்பிப் பார்த்துச் சிரிக்கிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆனால் வேலி அப்படியேதான் இருக்கிறது, ஒரு சாணும் அப்படியேதான் இருக்கிறது. ஒவ்வொரு முறை வேலி அடைக்கிற காலத்திலும் இரண்டு வளவிலும் குரல் உயரும். அந்த நேரம் பார்த்து யசோ என்னையும் ஒரு கட்டுத் தாளையும் கூட்டிக்கொண்டு ஊருக்குப் போவாள். உண்மையைச் சொன்னால், இப்போது நான் முன்னூற்றிநாலு நன்றாகவே விளையாடுவேன். கொழும்பில் யசோவின் காதில் எத்தனையோ தடவை இலை செருகியிருக்கிறேன். நாரந்தனையில் மட்டும் மாமா கேள்வி எடுத்ததும் எட்டுத் தாளையும் விரித்துவிட்டு எழும்பிவிடுவேன்.

போன முறையும் விரித்தேன். கதியால் சண்டையில் முகத்தைத் திருப்பிக்கொண்டு இருந்த இருவரும் என் தாள்களைப் பார்த்தார்கள். பிறகு ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

"பாத்தியோ குலம்?" என்றார் மாமா. "இவ்வளவு காலம் போயும் உந்தாள் இன்னும் பழகேல்லை."

சின்னமாமா என் அடுக்கையும் என் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். மெல்லச் சிரித்தார்.

"பழகியிட்டால், பிறகு நாங்கள் என்னத்தைக் கதைக்கிறது அண்ணை?"