மாட்டுத்துண்டும் வெள்ளைக் கொழம்பும்

போன மாசம் ஒரு சனிக்கிழம எனக்கு ஒரே ஒரு வேலதான். மாட்டெறைச்சிய மாவுல பெரட்டி எண்ணெயில பொரிக்கணும்.

கேட்டது என் வீட்டுக்காரி ஷர்மிளா. மாசமா இருக்கா. வாயில எது வெச்சாலும் திரும்பி வந்துடுது. சோறு வேணாம், ரொட்டி வேணாம், பருப்பு கொதிக்கிற வாசன வந்தாலே எந்திரிச்சு வெளிய போயிடுவா. கிளினிக்குல மிட்வைஃப் மிஸ் எடையப் பாத்துட்டு, "போன மாசத்தவிட கொறைஞ்சிருக்கே. வீட்டுல சாப்பாடு குடுக்குறீங்களா?"ன்னு என்னயக் கேட்டாங்க. நான் சுவத்துல தொங்குன தாய்ப்பால் படத்தப் பாத்துக்கிட்டு நின்னேன்.

அப்படி இருந்தவ, முந்தின நா வெள்ளிக்கிழம சாயங்காலம் போன்ல ஒரு வீடியோவ எங்கிட்ட நீட்டி, "இது சாப்பிடணும் போல இருக்குங்க"ன்னா.

அமெரிக்காவுல தெக்குப் பக்கத்து அம்மா ஒருத்தங்க. மாட்டெறைச்சிய பெரிய துண்டா எடுத்து, தட்டித் தட்டி மெலிசாக்கி, மாவுல பெரட்டி, பொரிச்செடுத்து, மேல வெள்ளையா ஒரு கொழம்ப ஊத்துறாங்க. கத்திய வெச்சதும் மொறுமொறுன்னு சத்தம். ஷர்மிளா எச்சில் முழுங்கினா. ரொம்ப நாளா நான் பாக்காத காட்சி அது.

"இவ்வளவுதானே? நாளைக்கே செஞ்சு தர்றேன்"னேன்.

நான் கந்தப்பளையில ஒரு ஹார்ட்வெயார் கடையில நிக்கிறவன். எந்த சாமான எப்படிப் பாவிக்கணும்னு ஊருக்கே சொல்லிக் குடுக்கிற ஆளு. ஒரு எறைச்சித்துண்டு என்ன பெரிய விசயமா?

மாமியார் எங்களோடதான் இருக்காங்க, மகளுக்கு ஒத்தாசையா. காலையில கேட்டாங்க.

"என்ன மாப்புள செய்யப் போறீங்க?"

"சிக்கன் பிரைட் ஸ்டேக், அத்தே."

"கோழியா?"

"இல்லத்தே. மாடு."

"அப்ப கோழி எங்க வருது?"

"கோழி வராது. பேருதான் அப்படி."

அவங்க சாமான் பைய எடுத்து என் கையில குடுத்தாங்க. "வாங்கப்போற எடத்துல ஒழுங்கா கேட்டு வாங்குங்க"ன்னுட்டு உள்ள போயிட்டாங்க.

டவுன்ல எறைச்சிக்கடை வெச்சிருக்கிற முஸ்லிம் அண்ணன நாங்க நானான்னுதான் கூப்பிடுவோம், அவருகிட்ட கேட்டேன். "நானா, கை அகலத்துக்கு, முழுசா, எலும்பு இல்லாம துண்டு வேணும்."

"கறிக்கா?"

"பொரிக்க."

"பொரிக்கிறதுன்னா ஈரல் கொண்டு போங்க தம்பி."

"இல்ல, இது ஸ்டேக்கு."

நானா கத்திய கீழ வெச்சாரு. "தம்பி, இது பால் குடுத்து ஓஞ்ச மாடு. பொடிசா வெட்டி குக்கர்ல போட்டாலே நல்லா வேகவிடணும். முழுசா பொரிச்சா பல்லு தாங்காது."

"தட்டி மெலிசாக்கிடுவேன் நானா."

"எதால தட்டுவீங்க?"

அத நான் யோசிக்கல. யோசிச்ச மாதிரி தலைய ஆட்டிட்டு வாங்கிட்டு வந்துட்டேன்.

வழியில கடையில ஏறி, டைல்ஸ் பதிக்கிறப்ப தட்டுற ரப்பர் சுத்தியல் ஒண்ணு எடுத்தேன். புதுசு. முதலாளி பாத்துட்டு, "என்ன, வீட்டுக்கு டைல்ஸ் போடுறியா?"ன்னாரு. "ஆமா முதலாளி"ன்னேன். தேயிலத் தோட்டத்துல வரிசையா கட்டின லயத்து வீட்டுக்கு டைல்ஸ். அவரு நம்பல, ஆனா ஒரு சுத்தியல் வித்ததுல சந்தோசப்பட்டாரு.

ரப்பர் சுத்தியல்ல ஒரு குணம் இருக்கு. டைல்ஸ தட்டினா டைல்ஸ் எறங்கும். எறைச்சியத் தட்டினா சுத்தியல் திரும்பி வரும். பாலித்தீன் பேப்பர்ல சுத்திவெச்சு தட்டுறேன், எறைச்சி அப்படியே படுத்திருக்கு, சுத்தியல் என் நெத்திய நோக்கி வருது. ரெண்டாவது தடவ வந்தப்ப சுத்தியல ஓரமா வெச்சுட்டு அம்மிக் குழவிய எடுத்தேன்.

குழவி நல்லா வேல செஞ்சுச்சு. எறைச்சியும் மெலிசாச்சு. ஆனா லயத்துல எல்லா வீட்டுக்கும் நடுவுல ஒரே சுவருதான். அடுத்த வீட்டு சேவியர்ண்ணே வாசல்ல வந்து நின்னாரு. அவருதான் தோட்டத் தலைவர். எதுக்கும் சத்தம் போட மாட்டாரு.

"தம்பி, சுவர ஒடைக்கிறீங்களா?"

"இல்லண்ணே, எறைச்சி தட்டுறேன்."

"எங்க பக்கம் அலுமாரியில பீங்கான் கோப்ப எல்லாம் நடக்குது."

"முடிஞ்சிருச்சுண்ணே."

"செத்த மாடுதானே?"ன்னு கேட்டுட்டுப் போனாரு.

அடுத்தது மாவு. பாலுல எலுமிச்சம்பழம் புழிஞ்சு, முட்டை ஒடச்சு ஊத்தி, அதுல எறைச்சிய முக்கி, மிளகும் உப்பும் போட்ட கோதும மாவுல பெரட்டி, மறுபடி முக்கி, மறுபடி பெரட்டினேன். பாக்க நல்லா கனமா, வெள்ளையா, அழகா இருந்துச்சு.

கடைக்கு வர்றவங்களுக்கு நான் தெனமும் சொல்ற ஒண்ணு இருக்கு. ஈரச் சுவத்துல பூச்சு பூசாதீங்க, புடிக்காது, உதிந்துரும். இதக் கேக்காம பூசிட்டு வந்து சண்டைக்கு நிக்கிறவங்களக் கண்டா எனக்குக் கோவம் வரும். நான் எறைச்சியக் கழுவி, அப்படியே தண்ணி சொட்டச் சொட்ட மாவுல போட்டிருந்தேன்.

தாச்சியில எண்ணெய் காஞ்சதும் மொதத் துண்ட எறக்கினேன். சடசடன்னு ஒரு சத்தம். மாவு ஒரு பக்கமும் மாடு ஒரு பக்கமுமா பிரிஞ்சு போச்சு. மாவு மட்டும் மேல மெதந்து பொன்னெறமா பொரியுது. எறைச்சி அடியில உக்காந்து கறுத்துக்கிட்டு இருக்கு. ரெண்டாவது துண்டும் அதையேதான் செஞ்சுச்சு. மூணாவத நான் கரண்டியால மாவோட சேத்து அமுக்கிப் புடிச்சுப் பாத்தேன். அப்பவும் நழுவிடுச்சு.

இந்த நேரத்துல எண்ணெய் வாசன முன்னறைக்குப் போயிருக்கு. ஷர்மிளா வாயப் பொத்திக்கிட்டு என்னயத் தாண்டி வெளிய ஓடினா. தண்ணி புடிக்கிற பீலிக்கரையில அவ வாந்தி எடுக்குற சத்தம் கேட்டுச்சு. மாமியார் தண்ணி எடுத்துக்கிட்டுப் பின்னாடி போனாங்க. போறப்ப தாச்சியப் பாத்தாங்க. அடுப்பக் கொஞ்சம் கொறைச்சுட்டுப் போனாங்க. திட்டியிருந்தா நல்லாயிருந்திருக்கும்.

சரி, கொழம்பாவது ஒழுங்கா வரட்டும்னு நெனச்சேன். மேல ஊத்திட்டா கீழ என்ன இருக்குன்னு தெரியாது.

பொரிச்ச எண்ணெயில கொஞ்சம் எடுத்து, மிஞ்சின மிளகு மாவப் போட்டு வறுத்து, மிஞ்சின முட்டைப்பாலோட பால்மாத் தூளும் கரைச்சு ஊத்தினேன். கட்டி கட்டியா நின்னுச்சு. பால் ஊத்தினேன். தண்ணியாப் போச்சு. மாவு போட்டேன். எறுகிடுச்சு. மறுபடி பால். மறுபடி மாவு. கொஞ்ச நேரத்துல தாச்சி நெரம்பி, பெரிய பானைக்கு மாத்தினேன். நான் நிறுத்தினாலும் அது நிக்கல. கடைசியில கரண்டிய நடுவுல நட்டு வெச்சேன். கரண்டி நின்னுச்சு.

அந்த நேரம் பாத்து சேவியர்ண்ணே மறுபடி வந்தாரு. கையில நோட்டீஸ் கட்டு. நாளைக்குக் காலையில நாய்களுக்கு வெறிநாய் ஊசி போட, சுகாதாரம் பாக்குற பிஎச்ஐ ஐயா வர்றாராம். எல்லாரும் அவங்கவங்க நாயப் பெரட்டுக் களத்துக்குக் கொண்டு வரணுமாம். காலையில வேலைக்குப் பேர் குடுக்க எல்லாரும் கூடுற எடம் அது.

"தம்பி, பசை காய்ச்ச கொஞ்சம் கோதும மா இருக்குமா? பொழுதுக்குள்ள ஒட்டணும்"னு கேட்டுக்கிட்டே உள்ள வந்தவரு, பானையப் பாத்துட்டாரு.

குனிஞ்சாரு. வெரல்ல தொட்டு, ரெண்டு வெரலையும் ஒட்டி ஒட்டிப் பிரிச்சுப் பாத்தாரு.

"காய்ச்சியே வெச்சிருக்கீங்களே. நல்ல பதம். எப்படித் தெரியும் உங்களுக்கு?"

அந்த எடத்துல நான் ஒரு மனுசனா நின்னு, அண்ணே, அது பசை இல்ல, எங்க பகல் சாப்பாடுன்னு சொல்லியிருக்கணும்.

"சும்மா ஒரு யோசனையிலதாண்ணே"ன்னேன்.

பானையோட தூக்கிக்கிட்டுப் போயிட்டாரு. பாதியே மிஞ்சும், மிச்சத்தத் தர்றேன்னாரு. வேணாம்னு சொல்லிட்டேன்.

ஷர்மிளா வந்து கட்டில்ல சாஞ்சா. மொகம் வெளுத்துப் போயிருந்துச்சு. நான் ஒரு துண்ட தட்டுல வெச்சுக் கொண்டுபோய் நீட்டினேன். பாத்தா.

"மேல ஊத்துற வெள்ளைக் கொழம்பு எங்க?"

"சேவியர்ண்ணே கொண்டு போயிட்டாரு."

"அவருக்குப் புடிச்சிருந்துச்சா?"

"ரொம்ப."

அவ அந்தத் துண்ட கத்தியால அறுத்துப் பாத்தா. தட்டுதான் நகந்துச்சு. "மன்னிச்சுக்கங்க, முடியல"ன்னு சொல்லித் திரும்பிப் படுத்துக்கிட்டா. நான் செஞ்ச கூத்துக்கு அவ மன்னிப்புக் கேட்டதுதான் அன்னைக்கு எனக்கு ரொம்ப வலிச்சுது. மாமியார் ஒரு சின்னத் துண்ட வாயில போட்டு வெகு நேரம் மென்னாங்க. அப்புறம் எடுத்து தட்டு ஓரமா வெச்சாங்க.

"நாளைக்கு நான் இத அரிஞ்சு கறி வெச்சிடுறேன், மாப்புள."

நான் அடுப்படியில தனியா உக்காந்து தாச்சியக் கழுவினேன்.

பொழுது சாயற நேரம், வெளிய ஒரே நாய்ச் சத்தம். சண்ட போடுற சத்தம் இல்ல. ஒரு மாதிரி சந்தோசச் சத்தம். நான் வாசலுக்குப் போறதுக்குள்ள ஷர்மிளா சால்வையப் போத்திக்கிட்டு வந்து நின்னுட்டா.

எதுத்தாப்புல புள்ளக்காம்பரா சுவரு. கொழுந்து பறிக்கப் போறவங்க கைக்குழந்தைங்கள விட்டுட்டுப் போற எடம். அந்தச் சுவத்துல ஒட்டின நோட்டீஸ் மேல தோட்டத்து நாய் பூராவும் ரெண்டு காலுல எந்திரிச்சு நின்னுக்கிட்டு இருக்கு. நக்குதுங்க. ஒண்ணு நோட்டீஸோட ஒரு மூலையப் பல்லால புடிச்சு இழுக்க, "வெறிநாய்"ங்கிற எழுத்து கிழிஞ்சு அது வாயோட போகுது. எட்டாத சின்ன நாய் ஒண்ணு, பெரிய நாய் முதுகுல ஏறி நின்னு நக்குது.

சேவியர்ண்ணே கையில குச்சியோட மேட்டுலேருந்து எறங்கி வந்தாரு.

"கடச் சுவத்துலயும் இல்ல. பீலிக்கரையிலயும் இல்ல. கோயில் முச்சந்தியில ஒட்டிட்டுத் திரும்பிப் பாக்குறேன், இல்ல. தம்பி, பசையில என்ன போட்டீங்க?"

இனி மறைக்க ஒண்ணும் இல்ல. "மாட்டுக் கொழுப்பு, முட்டை, பால்மா, மிளகு"ன்னேன்.

அவரு குச்சிய ஊணிக்கிட்டு யோசிச்சாரு. "எங்க வீட்டுலகூட அப்படிப் போட மாட்டாங்களே, தம்பி. சாப்பாட்டுக்கே."

பின்னாடி ஒரு சத்தம். ஷர்மிளா அழுறான்னு நெனச்சு திரும்பினேன். வாசல் நெலக்கட்டையப் புடிச்சுக்கிட்டு சிரிக்கிறா. மூச்சு வாங்குது, கண்ணுல தண்ணி ஊத்துது, நிறுத்த முடியல. "அவருக்குப் புடிச்சிருந்துச்சுன்னு சொன்னீங்களே"ன்னு சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறா. சேவியர்ண்ணேவுக்கு ஒண்ணும் புரியல. இருந்தாலும் மரியாதைக்கு அவரும் சிரிச்சாரு.

சிரிச்சு முடிச்சு வயித்தத் தடவிக்கிட்டு, "பசிக்குதுங்க"ன்னா.

நான் ஓடினேன். வீட்டுல இருந்தது பேக்கரிப் பாணும், மிளகா இடிச்ச கட்டசம்பலும்தான். பக்கத்துல பேப்பர் மேல, எண்ணெயிலேருந்து அரிச்சுப் போட்ட மாவுப் பொரியல் கெடந்துச்சு. மாட்ட விட்டுட்டு மெதந்து பொரிஞ்ச அந்தப் பூச்சு. அவளே அத அள்ளி பாண் மேல தூவி, சம்பலத் தடவி, ஒரு துண்டு சாப்பிட்டா. இன்னொரு துண்டு சாப்பிட்டா. பேப்பர் காலியாகுற வரைக்கும் சாப்பிட்டா. நானும் மாமியாரும் மூச்சு விடாம பக்கத்துல நின்னோம். ஒண்ணும் திரும்பி வரல.

மாமியார் வெறும் பேப்பர மடிச்சு வெச்சாங்க.

"மாவப் பொரிச்சதே போதும்னா மாட்ட எதுக்கு வெட்டினாங்க?"ன்னாங்க.

மறுநாள் காலையில பெரட்டுக் களத்துக்குப் போய்ப் பாத்தா, தோட்டமே நாயோட நிக்குது. நோட்டீஸ ஒருத்தரும் படிக்கல. நாய்ங்க நோட்டீஸத் தின்ன கதையக் கேக்காத ஆள் மட்டும் ஒருத்தரும் இல்ல. எதுக்கு ஒட்டின நோட்டீஸ்னு கேட்டுக் கேட்டே விசயம் எல்லா லயத்துக்கும் போயிருக்கு. வர மறுத்த நாய்களுக்கு சேவியர்ண்ணே பானையில மிஞ்சினதக் காட்டினாரு. அதுங்களும் வந்து வரிசையில நின்னுச்சுங்க.

பிஎச்ஐ ஐயா ஊசி போட்டு முடிச்சு, சிங்களத்துல கேட்டாரு, இந்தப் பசைய எந்தக் கடையில வாங்கினீங்கன்னு. சேவியர்ண்ணே என்னயக் கையக் காட்டினாரு. ஐயா என் கையப் புடிச்சுக் குலுக்கினாரு. என் சமையலுக்குக் கெடச்ச ஒரே பாராட்டு அதுதான்.

இப்ப ஷர்மிளா நல்லா சாப்பிடுறா. எடையும் ஏறிடுச்சு. தோட்டத்துல யாரு வீட்டு நாய் காணாமப் போனாலும், மொதல்ல எங்க வீட்டு வாசல்லதான் வந்து தேடுறாங்க.